வட்டில்காரியை நேரில் பார்த்தவர்கள் சொல்லுங்கள்

வட்டில்காரி காலத்தைத் திருடுகிறவர், கண்டால் பிடித்துக் கொடுக்க வேண்டும் என்று கால அவை ஊர் ஊராகத் தண்டோரா போட்டுவிட்டது. நான் அவரைப் பார்த்ததில்லை. பார்த்தவர்கள், பழகியவர்கள் நடந்ததை நடந்தபடி சொல்லுங்கள். கேள்விப்பட்ட கதைகள் வேண்டாம்.

செம்பு வேலைக்காரர்:
அவர் கையில் இருப்பவற்றில் ஒரு ஜோடி என் பட்டறையில் அடித்தது, அதனால் நானே தொடங்குகிறேன். சாதாரண நாழிகை வட்டில் எல்லோருக்கும் தெரியும். செம்புக் கிண்ணம், அடியில் ஊசித் துளை. தண்ணீரில் மிதக்கவிட்டால் மெல்ல நிரம்பி மூழ்கும். ஒரு தடவை மூழ்கினால் ஒரு நாழிகை, 60 தடவை மூழ்கினால் ஒரு பகலும் ஓர் இரவும். அவர் கேட்டது ஜோடி வட்டில். ஒன்று வரவு, ஒன்று செலவு. இரண்டையும் ஒரே தகட்டில் வெட்ட வேண்டும், எடை இம்மியும் பிசகக் கூடாது. வரவு வட்டில் பக்கம் இருப்பவருக்கு ஒரு நாழிகை கூடுதலாகக் கிடைக்கும், அதுவரை வெளியே உலகம் அசையாது. செலவு வட்டிலைப் பிடித்தவருக்கு அதே ஒரு நாழிகை போய்விடும். புதிதாகக் காலத்தை உண்டாக்க யாராலும் முடியாது என்று திரும்பத் திரும்பச் சொன்னார்.

செலவு வட்டிலுக்கு மட்டும் அடியில் துளை போட விடவில்லை. பக்கவாட்டில், நீர்மட்டத்துக்குக் கீழே வருகிற இடத்தில், கட்டைவிரல் பதிகிற அளவுக்குக் குழி தட்டச் சொன்னார். குழியின் நடுவில் துளை. எதற்கு இந்த வேலை என்று கேட்டேன். "கொடுக்கிறவர் இதை விரலால் மூடிப் பிடித்திருப்பார். அவராக விரலை எடுத்தால்தான் தண்ணீர் ஏறும். விரல் பதியாத வட்டிலை நான் இனிமேல் செய்ய மாட்டேன்" என்றார். அந்த 'இனிமேல்' எதற்கு என்று எனக்கு அப்போது விளங்கவில்லை.

வைத்தியம் பார்ப்பவர்:
அண்ணன் சொல்கிற குழியை நானும் பார்த்தேன். பாம்பு கடித்த பையன் ஒருவனைத் தூக்கி வந்தார்கள். வேரை இடித்துக் காய்ச்சி வடிகட்ட ஒரு நாழிகை வேண்டும், பையன் அவ்வளவு நேரம் தாங்க மாட்டான். அந்தப் பக்கமாகப் போன வட்டில்காரி உள்ளே வந்து, "இவனுக்காக ஒரு நாழிகை தருவது யார்?" என்று கேட்டார். பையனின் சித்தப்பா முன்னால் வந்தார். என்ன போகும், எப்படிப் போகும் என்று அவருக்கு நிதானமாகச் சொன்ன பிறகுதான் வட்டிலைக் கொடுத்தார். அந்த அவசரத்திலும் அதைச் சொல்லாமல் விடவில்லை.

சித்தப்பா விரலை எடுத்தார். வாசலில் பெய்த மழை அந்தரத்திலேயே நின்றது. என் அடுப்பு மட்டும் எரிந்தது. வட்டில் மூழ்கியபோது கஷாயம் தயாராக இருந்தது, மழையும் மறுபடி விழுந்தது. பையன் குடித்தான், வாந்தி எடுத்தான், கண் திறந்தான். சித்தப்பாவோ விரலைத் தூக்கியபடி சிலையாக நின்றார். யாரும் அவர்மேல் மோதிவிடாதபடி வட்டில்காரி ஒரு நாழிகையும் அவர் பக்கத்தை விட்டு நகரவில்லை. அசைவு வந்ததும் அவர் கேட்ட முதல் கேள்வி: "மருந்து எப்போது காய்ச்சப் போகிறீர்கள்?" பையன்தான் சிரித்தான். இப்படிப்பட்டவரைத் திருடி என்று சொன்னால் என் வயிறு எரிகிறது.

படகோட்டி:
ஒரு தடவை அக்கரையில் இறக்கிவிட்டேன். கூலியைச் சரியாகக் கொடுத்தார். அதிகம் பேசவில்லை.

அவையில் காவல் இருந்தவர்:
அவைக்கு முதல் ஜோடி வட்டில்களைச் செய்து கொடுத்தவரே அவர்தான். பாலம் கட்டுகிறவர்களுக்கும் வைத்தியர்களுக்கும் பயன்படும் என்று நம்பிக் கொடுத்தார். அவை என்ன செய்தது? செலவு வட்டில்களைக் கீழ்த்தெருக் கிணறுகளில் இறக்கியது. அவற்றில் விரல் குழி கிடையாது. தெரு முழுவதும் தூங்குகிற நேரத்தில் நாழிகை நாழிகையாக எடுத்தார்கள். எடுத்ததெல்லாம் அவைப் பெரியவர்களின் மாளிகைக்குப் போயிற்று. ஆனால் வாங்கிய காலமும் உடம்பில் ஏறத்தான் செய்யும். என்னோடு ஒன்றாகப் படித்தவர் அங்கே இருக்கிறார். எனக்கு மீசை இன்னும் கறுப்பு, அவருக்குப் புருவம்வரை வெளுத்துவிட்டது.

விஷயம் தெரிந்த அன்று வட்டில்காரி அவை நடுவே எழுந்து, "கொடுக்கிறவர்களைக் கேட்டீர்களா?" என்றார். ஒருவரும் வாய் திறக்கவில்லை. வரைபடங்களைச் சுருட்டி எடுத்துக்கொண்டு வெளியேறினார். வாசலில் காவல் நின்றது நான்தான், தடுக்கவில்லை. அவை திருட்டு என்று சொல்வது அந்த வரைபடங்களைத்தான்.

கீழ்த்தெரு நெசவாளி:
அப்படியா சங்கதி! எங்கள் தெருவில் யாரைக் கேட்டாலும் "கண்ணை மூடினேன், விடிந்துவிட்டது" என்பார்கள். எழுந்தால் அடித்துப் போட்டாற்போல உடம்பு வலிக்கும். தறியில் கை ஓடாது. சோம்பேறித் தெரு என்று அவைக்காரர்கள் பேசுவதைக் கேட்டுக் கேட்டு, அம்மா தன்னைத்தானே திட்டிக்கொள்வார். நாளை விடிந்ததும் கிணற்றில் ஆள் இறங்குகிறது.

செம்பு வேலைக்காரர்:
தம்பி, அவசரத்தில் உடைத்துவிடாதே. ஜோடியில் ஒன்று உடைந்தால் மற்றது என்ன செய்யும் என்று அவர் சொல்லவில்லை. தண்ணீருக்குள் இருக்கும்போதே துளையைத் தேன்மெழுகால் அடைத்துவிட்டு, பிறகு வெளியே எடு. எத்தனை கிடைத்தாலும் என் பட்டறைக்குக் கொண்டுவா. பழைய துளையைப் பற்றவைத்து மூடி, பக்கவாட்டில் குழி தட்டித் தருகிறேன். கூலி வேண்டாம். அம்மாவையும் கூட்டிக்கொண்டு வா. முதல் குழியை அவர் கட்டைவிரலை வைத்து அளவெடுக்கிறேன்.