1844 தூண்தான் சென்னையின் முதல் கலங்கரை விளக்கமாம்! பாரிமுனை நடைப்பயணத்தில் கேட்டது

மண்ணடிக்காரன்:
நேற்று ஞாயிற்றுக்கிழமை காலை ஆறரைக்குப் பாரிமுனையில் தொடங்கி ஒன்பது மணி வரை ஒரு நடைப்பயணம். ஊரிலிருந்து வந்திருக்கும் தங்கை மகனுக்காகப் போனேன். ஆளுக்கு 600 ரூபாய். லிங்கிச் செட்டித் தெருவில் கிளியரிங் ஆபீஸில் 34 வருஷம் வேலை பார்த்தவன் நான். அந்தத் தெருக்களை எனக்கு யாரும் காட்டத் தேவையில்லை. பையன் ஆசைப்பட்டான், போனோம்.

உயர் நீதிமன்றத்தின் வேலிக்கு வெளியே பதினெட்டுப் பேரையும் நிறுத்தி, உள்ளே நிற்கும் கல்தூணைக் காட்டி வழிகாட்டித் தம்பி சொன்னார்: "இதுதான் மெட்ராஸின் முதல் கலங்கரை விளக்கம், 1844." எல்லோரும் போனைத் தூக்கிப் படம் எடுத்தார்கள். நான், "தம்பி, முதல் இல்லை, இரண்டாவது" என்றேன். "கேள்வியெல்லாம் கடைசியில் சார்" என்றார். கடைசியில் கேட்டால், "அதற்கு முந்தியது கூரைமேல் வைத்த விளக்கு, அது கணக்கில் வராது" என்கிறார்.

1796லேயே புனித ஜார்ஜ் கோட்டைக்குள் விளக்கு எரிந்தது. இப்போது அருங்காட்சியகமாக இருக்கிறதே, அந்தக் கட்டடத்தின் மாடியில். தேங்காய் எண்ணெய் ஊற்றி எரித்த விளக்கு. கிட்டத்தட்ட அரை நூற்றாண்டு கப்பல்காரர்கள் அதைப் பார்த்துத்தான் இந்தக் கரையைக் கண்டுபிடித்தார்கள். அதைக் கணக்கில் சேர்க்க மாட்டேன் என்று சொல்ல இவர் யார்?

ஞாயிறு நடை:
நானும் அதே நடையில் இருந்தேன் சார். தொப்பி போட்டுக்கொண்டு நிமிஷத்துக்கு ஒரு தடவை குறுக்கே பேசியது நீங்கள்தானா? அந்தத் தம்பி பாவம், கோபப்படாமல் பதில் சொன்னார். அவர் சொன்னதில் என்ன தப்பு? கலங்கரை விளக்கம் என்றால் அதற்கென்று கட்டியதாக இருக்க வேண்டும். 1844 தூண் அதற்காகவே பல்லாவரத்துக் கருங்கல்லில் எழுப்பியது, 125 அடி. கோட்டையில் இருந்தது மாடியில் வைத்த விளக்கு. மாடியில் விளக்கு வைத்தால் எங்கள் அடுக்குமாடியும் கலங்கரை விளக்கமா?

மண்ணடிக்காரன்:
அப்படியா? அப்படியானால் 1894ல் உயர் நீதிமன்றக் குவிமாடத்தின்மேல் வைத்தார்களே, அது என்ன? நீதிமன்றக் கட்டடத்தின் தலையில்தானே வைத்தார்கள்? அதை மட்டும் உங்கள் வழிகாட்டி "இரண்டாவது கலங்கரை விளக்கம்" என்று எண்ணினாரே! 1894 கூரை கணக்கில் வரும், 1796 கூரை கணக்கில் வராதா? இதற்குப் பதில் சொல்லிவிட்டு உங்கள் அடுக்குமாடிக்குப் போகலாம்.

ஞாயிறு நடை:
அது வேறு, இது வேறு.

மண்ணடிக்காரன்:
எப்படி வேறு?

கடலோரம்:
இரண்டு பேருக்கும் ஒன்று சொல்கிறேன். கலங்கரை விளக்கம் என்று எதைச் சொல்கிறோம் என்பதை முதலில் முடிவு செய்துகொள்ளுங்கள். தனிக் கோபுரம் வேண்டுமா, கப்பலுக்கு வழிகாட்டும் விளக்கு இருந்தால் போதுமா? அதைப் பேசாமல் எத்தனை நாள் பேசினாலும் முடியாது.

மண்ணடிக்காரன்:
அதில் முடிவு செய்ய என்ன இருக்கிறது? 1796, 1844க்கு முன்னால் வருகிறதா, பின்னால் வருகிறதா?

வண்ணை வாசகி:
எனக்குக் கோபம் வேறு. இந்த நடைகளுக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் அடையாறு, அண்ணா நகர். பாலத்தைத் தாண்டி வருஷத்துக்கு ஒரு நாள், அதுவும் விடியற்காலையில் கூட்டமில்லாத நேரத்தில் வந்து, "ஐயோ எவ்வளவு அழகான கட்டடம்" என்று படம் எடுத்துவிட்டுப் போகிறார்கள். இங்கே குடியிருக்கிற எங்களை ஒருவரும் எதுவும் கேட்பதில்லை. போன தடவை எங்கள் தெருவில் ஒரு கூட்டம் வந்து நின்றது. வாசலில் கோலம் போட்டுக்கொண்டிருந்த என் மாமியாரைக் கேட்காமல் படம் எடுத்தார்கள். அவர் கோல மாவுக் கிண்ணத்தோடு உள்ளே எழுந்து போய்விட்டார். பாதிக் கோலம் அப்படியே கிடந்தது.

ஞாயிறு நடை:
நான் அண்ணா நகர்தான் மேடம். அது குற்றமா? வந்தால் குறை, வராவிட்டால் வடசென்னையை ஒதுக்குகிறார்கள் என்று குறை.

வண்ணை வாசகி:
வராதீர்கள் என்று யார் சொன்னது? கேட்டுவிட்டுப் படம் எடுங்கள் என்கிறேன்.

நாஞ்சில் தோணி:
நடைப்பயணத்தில் எம்டன் பற்றிச் சொன்னார்களா? 1914 செப்டம்பர் 22 இரவு அந்த ஜெர்மன் கப்பல் சென்னையைத் தாக்கியதே, அதில் எங்கள் விடுதலைப் போராட்ட வீரர் செண்பகராமன் பிள்ளை இருந்தார். அதைச் சொல்லாத எந்த நடையும் நடையே இல்லை.

மண்ணடிக்காரன்:
சொன்னார். நீதிமன்றத்தின் கிழக்குச் சுற்றுச்சுவரில் பதித்திருக்கும் கல்வெட்டையும் பற்றிச் சொன்னார். பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள் எரிந்ததையும் சொன்னார். அந்தப் பகுதி நன்றாகவே இருந்தது, ஒப்புக்கொள்கிறேன். ஆனால் செண்பகராமன் அந்தக் கப்பலில் இருந்தார் என்பது கதை தம்பி. அந்தச் செப்டம்பரில் அவர் சூரிச்சில் இருந்தார். அங்கே ஓர் இந்திய ஆதரவுக் குழு அமைத்து, அடுத்த மாதம் பெர்லின் போனார். எம்டனோ அப்போது வங்காள விரிகுடாவில். ஒரே ஆள் இரண்டு இடத்தில் எப்படி இருப்பார்?

நாஞ்சில் தோணி:
எங்கள் ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரிந்த விஷயம் உங்களுக்குத் தெரியவில்லை. வெள்ளைக்காரன் எழுதி வைத்ததை நம்புவீர்கள், நம் பெரியவர்கள் சொன்னதை நம்ப மாட்டீர்கள். இன்றைக்கும் கெட்டிக்காரனை "அவன் எம்டன்" என்கிறோம். சும்மாவா வந்தது அந்தச் சொல்?

மண்ணடிக்காரன்:
அந்தச் சொல் கப்பலால் வந்தது. அவருடைய பெருமைக்கு அவர் செய்த வேலையே போதும். ஏறாத கப்பலில் ஏற்றிவிட வேண்டியதில்லை.

நாஞ்சில் தோணி:
ஒரு விளக்குக்காக இரண்டு நாளாகச் சண்டை போடுகிற நீங்கள் எங்கள் வீரரைக் கப்பலிலிருந்து இறக்குகிறீர்கள். நல்லா இருக்கு நியாயம்.

ஞாயிறு நடை:
சரி, நான் விட்ட இடத்துக்கு வருகிறேன். குவிமாடம் வேறு என்றேனே, ஏன் தெரியுமா? 1894ல் வைத்தது முறையான விளக்கு. 1977ல் மெரினாக் கோபுரம் வரும்வரை வேலை செய்தது. கோட்டை மாடியில் இருந்தது எண்ணெய்த் திரி. எண்ணெய்த் திரியை எப்படி அதோடு சேர்ப்பது?

மண்ணடிக்காரன்:
இப்போது கூரை போய்த் திரிக்கு வந்துவிட்டீர்களா? காலையில் மாடியில் இருந்ததால் ஆகாது, சாயங்காலம் எண்ணெயில் எரிந்ததால் ஆகாது. 1796ல் மின்சார விளக்கா வைப்பார்கள்? எரிந்தது எண்ணெய் என்பதால் கப்பல்காரன் கண்ணுக்கு வெளிச்சம் தெரியாமல் போய்விட்டதா?

புலவர் வீட்டுப் பேரன்:
இரண்டு தேதியும் தப்பு. ஆங்கிலேயன் வந்து விளக்கேற்றிய பிறகுதான் இந்தக் கரையில் வெளிச்சம் வந்ததா? பெரும்பாணாற்றுப்படையைப் பாருங்கள். நீர்ப்பெயற்று என்ற துறைமுகத்தில், ஏணி சாத்தி ஏறவேண்டிய, கூரை வேயாத உயர்ந்த மாடத்தில் இரவில் கொளுத்திய தீ, கடலில் ஓடும் கப்பலைக் கரைக்கு அழைக்கிறது என்று வருகிறது. மாமல்லபுரத்தில் பாறைமேல் இருக்கும் ஓலக்கண்ணேஸ்வரர் கோயிலின் உச்சியில் விளக்கு ஏற்றினார்கள். பக்கத்திலேயே இன்றைய கலங்கரை விளக்கம் நிற்கிறது. நமக்கு 1796உம் பெரிதில்லை, 1844உம் பெரிதில்லை.

மண்ணடிக்காரன்:
ஐயா, நீங்கள் என் பக்கம்தான் பேசியிருக்கிறீர்கள்! மாடத்தின்மேல் தீ வைத்தாலே கலங்கரை விளக்கம் என்று சங்கப் புலவனே பாடிவிட்டான். கோட்டையில் இருந்ததும் மாடத்தின்மேல் விளக்குதான். ஞாயிறு நடை கவனிக்க வேண்டும்.

புலவர் வீட்டுப் பேரன்:
நான் உங்கள் பக்கம் பேசவில்லை. சங்கப் பாட்டைக் கும்பினிக்காரன் விளக்குக்குச் சாட்சியாக இழுக்காதீர்கள்.

கடலோரம்:
வழிகாட்டி சொன்னது சென்னையின் முதல் விளக்கைத்தானே? மாமல்லபுரம் எங்கிருந்து வந்தது?

புலவர் வீட்டுப் பேரன்:
சென்னை எங்கிருந்து வந்ததோ அங்கிருந்துதான். 1639க்கு முன்னால் இந்தக் கரையில் ஆளே இல்லை என்று நினைப்பவர்களோடு எனக்குப் பேச்சில்லை.

அத்தோ பிரியன்:
நடை முடிந்து சாப்பிட எங்கே கூட்டிக்கொண்டு போனார்கள்? இதைத்தான் யாரும் சொல்லவில்லை.

ஞாயிறு நடை:
ஒரு மெஸ்ஸில் பொங்கல், காபி. நன்றாக இருந்தது. அத்தோ, அதுதான் பர்மா நூடுல்ஸ், கிடைக்குமா என்று கேட்டேன், காலையில் வண்டி இருக்காது என்றார்கள்.

அத்தோ பிரியன்:
பின்னே? பாரிமுனைக்கு வந்து அத்தோ சாப்பிடாமல் போவதா? எங்கள் குடும்பம் ரங்கூனிலிருந்து கப்பலில் வந்து இறங்கியது. என் பாட்டி கையால் பிசைவார்: ஆரஞ்சு நிற நூடுல்ஸ், முட்டைக்கோஸ், வறுத்த வெங்காயம், பேஜோ என்கிற மொறுமொறு தட்டையை உள்ளங்கையில் நொறுக்கிப் போட்டு, புளித்தண்ணீர், பூண்டு எண்ணெய். பக்கத்தில் சூடாக வாழைத்தண்டு சூப். பர்மா பஜார் 1969லிருந்து அங்கே இருக்கிறது. அதையும் அகதியாக வந்து கடை போட்ட சனங்களையும் ஒரு வரியில் தாண்டிவிட்டு, கல்லையும் தூணையும் காட்டுவதற்கு 600 ரூபாயா? சாயங்கால நடை வையுங்கள்.

வண்ணை வாசகி:
இது நியாயமான பேச்சு. கொத்தவால் சாவடி பற்றியும் இவர்கள் ஒன்றும் சொல்வதில்லை. 1996ல் காய்கறிச் சந்தை கோயம்பேட்டுக்குப் போனபோது அந்தத் தெருக்களில் எத்தனை பேருக்கு வேலை போயிற்று! என் அப்பா மூட்டைக் கணக்கு எழுதியவர்.

ஞாயிறு நடை:
இரண்டரை மணி நேரத்தில் எல்லாவற்றையும் எப்படிச் சொல்வது? ஆர்மீனியன் தெரு தேவாலயத்தில் அரை மணி நேரம் நிறுத்தினார். உலகத்தின் முதல் ஆர்மீனியப் பத்திரிகையை 1794ல் இந்த ஊரிலிருந்து நடத்திய பாதிரியாரின் கல்லறை அங்கே இருக்கிறது. அவ்வளவு இரைச்சலான தெருவில், அந்த வாசலைத் தாண்டினால் வேப்பமர நிழலும் அமைதியும். எனக்குக் கண் கலங்கிவிட்டது. இத்தனை வருஷம் அந்த வாசல் வழியாகப் போயிருக்கிறேன், உள்ளே போனதே இல்லை. இதைக் காட்டிய ஒருவரை ஒரு தேதிக்காகக் கிழிக்கிறீர்களே, அதுதான் என் வருத்தம்.

மண்ணடிக்காரன்:
தேவாலயம் நன்றாகச் சொன்னார், யார் இல்லை என்றது? பூக்கடை சென்னகேசவப் பெருமாள் கோயில் முதலில் இருந்த இடம் இன்றைய நீதிமன்ற வளாகம் என்பதையும், 1757ல் அதை இடித்ததையும் சரியாகச் சொன்னார். அதனால்தான் கேட்கிறேன். இவ்வளவு படித்தவர் இதில் ஏன் தப்புச் சொல்ல வேண்டும்? என் தங்கை மகன் அந்தத் தூணின் படத்தை "சென்னையின் முதல் கலங்கரை விளக்கம்" என்று எழுதி எல்லோருக்கும் அனுப்பிவிட்டான். நான் சொன்னால், "மாமா, கைடுக்குத் தெரியாதா?" என்கிறான். 34 வருஷம் அந்தத் தூணைத் தாண்டி வேலைக்குப் போன என்னைவிட, பட்டை கட்டின அடையாள அட்டைக்கு மதிப்பு அதிகம்.

இன்னொன்று. பாரிக் கட்டடத்தின் ஓரத்தில் 1773ஆம் வருஷ எல்லைக்கல் நிற்கிறது. கோட்டைக்கும் நம் ஆட்கள் குடியிருந்த கறுப்பர் நகரத்துக்கும் நடுவே வீடு எதுவும் கட்டக்கூடாது என்று வெள்ளைக்காரன் நட்டது. தினமும் ஆயிரக்கணக்கானவர்கள் அதைத் தாண்டிப் போகிறார்கள். நாங்கள் கூடி நின்றதே அதற்குச் சில அடி தள்ளித்தான். அதைக் காட்டவே இல்லை. கூட்டத்தில் ஒருவர் அதன்மேல் தண்ணீர் பாட்டிலை வைத்துவிட்டு ஷூ லேஸ் கட்டினார்.

ஞாயிறு நடை:
அது நான்தான். யாரும் சொல்லாமல் எனக்கு எப்படித் தெரியும்? நீங்கள் பக்கத்தில்தானே நின்றீர்கள், அப்போதே சொல்லியிருக்கலாமே. மற்றதற்கெல்லாம் குறுக்கே பேசினீர்கள்.

மண்ணடிக்காரன்:
சொல்ல வாயெடுத்தேன். "கேள்வியெல்லாம் கடைசியில்" என்றுவிட்டாரே.

நாஞ்சில் தோணி:
செண்பகராமன் கப்பலில் இல்லை என்றீர்களே, அதற்கு நான் கேட்ட கேள்விக்கு இன்னும் பதில் வரவில்லை. பெரியவர்கள் பொய் சொன்னார்களா?

கடலோரம்:
வழிகாட்டியிடமே கேட்டுவிடலாமே. அவர் இங்கே இருந்தால் நல்லது.

ஞாயிறு நடை:
அவரிடம் நம்முடைய இந்த விவாதத்தைக் காட்டினேன். "தனியாகக் கட்டிய முதல் கலங்கரை விளக்கம் என்று இனிமேல் சொல்கிறேன்" என்றார். எனக்கு அது தேவையில்லை என்றுதான் படுகிறது. முதல் என்றாலே அதுதான் அர்த்தம்.

மண்ணடிக்காரன்:
"தனியாகக் கட்டிய" என்று சேர்க்கிறார் என்றால் முன்னே சொன்னது தப்பு என்றுதானே பொருள்?

ஞாயிறு நடை:
இல்லை. உங்களைப் போன்றவர்கள் வந்தால் நேரம் வீணாகக் கூடாதே என்று சேர்க்கிறார்.

மண்ணடிக்காரன்:
நான் 600 ரூபாய் கொடுத்து வந்தவன் தம்பி. வரும் ஞாயிறு என் தங்கை மகனைக் கோட்டை அருங்காட்சியகத்துக்கு நானே கூட்டிக்கொண்டு போகிறேன். விருப்பம் இருக்கிறவர்கள் வரலாம், காசு வேண்டாம். ஆனால் முதல் நாள் கேட்டதற்கு இன்னும் பதில் வரவில்லை, அதை விடமாட்டேன். 1894 விளக்கு கூரைமேல் இருந்ததா இல்லையா?