கலைச்சொல்: போலரைசிங் ஃபில்டர் 'வடிகட்டி'யா, வேறு ஏதாவதா?

ராயபுரத்திலிருந்து:

அனைவருக்கும் வணக்கம்.

மேல்நிலை மாணவர்களுக்கான செய்முறைத் தாள் ஒன்று தயாராகிறது. இரண்டு போலராய்டு தாள்களை ஒன்றன்பின் ஒன்றாக வைத்து, ஒன்றைச் சுழற்றினால் ஒளிச்செறிவு எப்படி மாறுகிறது என்று அளப்பதுதான் பாடம். போலராய்டு என்பது வணிகப் பெயர், அதனால் பொருளுக்கு ஒரு தமிழ்ச் சொல் வேண்டும். ஒளியின் அதிர்வு ஒரே திசைக்கு ஒடுங்கும் நிகழ்வுக்கு நம் பாடநூலில் 'தளவிளைவு' என்று இருக்கிறது. இலங்கை வழக்கு 'முனைவாக்கம்'. கருவிக்கு 'தளவடிகட்டி' என்று வைக்கலாமா? வடிகட்டி தெரியாத பிள்ளை கிடையாது. டீக்கடையில் தொங்குவதுதானே.

பெரம்பூரிலிருந்து:

ஐயா, டீக்கடை வடிகட்டிதான் இங்கே இடைஞ்சல்.

ஒரு வடிகட்டிக்குமேல் இன்னொன்றைப் போட்டால் இறங்குவது குறையும், கூடாது. இதைச் சின்னப் பிள்ளையும் சொல்லும். இப்போது இரண்டு தாள்களை 90 பாகையில் குறுக்காக வையுங்கள்: இருட்டு. நடுவில் மூன்றாவது தாளை 45 பாகையில் செருகுங்கள்: வெளிச்சம் வரும். தடுப்பைக் கூட்டியதால் ஒளி கூடுகிறது. எந்த வடிகட்டி இப்படி நடக்கும்?

கணக்கு எளிது. சாதாரண விளக்கொளி முதல் தாளில் பாதியாகும். அடுத்த ஒவ்வொரு தாளிலும், அந்தத் தாளின் அச்சுக்கும் (அது ஒளியை விடும் அதிர்வுத் திசை) முந்தைய தாளின் அச்சுக்கும் இடையிலுள்ள கோணத்தின் கொசைனை வர்க்கப்படுத்திப் பெருக்க வேண்டும். இதுதான் மாலஸ் விதி. 45 பாகைக்கு அது பாதி. ஆக பாதியில் பாதியில் பாதி, எட்டில் ஒரு பங்கு, 12.5%. இது குறையில்லாத தாளுக்கு. கையில் கிடைக்கும் தாள் தனியாகவே 50% விடாது, ஏறத்தாழ 40% தான் விடும். அப்படிப்பட்ட மூன்றைச் சேர்த்தால் 6% பக்கம் வரும். செய்முறைத் தாளில் 12.5 என்று மட்டும் அச்சடித்தால், தன் அளவீடு தப்பு என்று நினைத்துப் பிள்ளை எண்ணைத் திருத்திவிடும்.

காரணம், தாள் இருப்பதைச் சலித்து எடுப்பதில்லை. வந்த அதிர்வில் தன் அச்சுத் திசையிலுள்ள கூறை மட்டும் வெளியே விடுகிறது. வெளியே வருவது புதிய திசையில் அதிரும் ஒளி. பழைய திசையின் நினைவே அதற்கு இல்லை. பெயரில் இந்த 'ஆக்கும்' வேலை தெரிய வேண்டும்.

வேலி இடுக்கில் கயிற்றை ஆட்டும் படத்தையும் தயவுசெய்து போட வேண்டாம். பாலிவினைல் ஆல்கஹால் தாளை ஒரே திசையில் இழுத்து அயோடின் ஏற்றுகிறார்கள். நீண்டு நிற்கும் அயோடின் சங்கிலிகள், தம் நீளவாட்டில் அதிரும் ஒளியைத்தான் விழுங்குகின்றன. ஆகவே தாளின் அச்சு, இழுத்த திசைக்குச் செங்குத்து. வேலிப்படம் இதற்கு நேர்மாறாகச் சொல்லிக்கொடுக்கும்.

'முனை'யும் எனக்கு ஒப்பவில்லை. 1808ல் பாரிஸில் லக்சம்பர்க் அரண்மனைச் சன்னலில் பட்டுத் திரும்பிய வெயிலை ஐஸ்லாந்துப் படிகம் (கால்சைட்) வழியே பார்த்துத்தான் பிரெஞ்சு இயற்பியலாளர் மாலஸ் இந்த நிகழ்வைக் கண்டார். ஒளியைத் துகள் என்று நம்பியவர், காந்தம்போல அதற்கும் முனை உண்டென்று எண்ணிப் பெயர் வைத்தார். அந்த எண்ணம் போய்விட்டது, பெயர் தங்கிவிட்டது. தமிழிலும் அதைச் சுமப்பானேன்? போதாக்குறைக்கு மின்னியல் பாடத்தில் 'மின்முனைவாக்கம்' வேறு பொருளில் இருக்கிறது.

என் முன்மொழிவு 'தளவிளைவி'. 'தளவிளைவாக்கி' என்பதில் விளைவும் ஆக்கலும் இரட்டிப்பு. விளைவிப்பது விளைவி.

ராயபுரத்திலிருந்து:

> என் முன்மொழிவு 'தளவிளைவி'

இலக்கணம் சரி, அம்மா. ஆனால் தளவிளைவு, தளவிளைவி இரண்டையும் கடைசி பெஞ்சில் இருப்பவன் பிரித்துக் கேட்க முடியுமா? அச்சுப் பிழையும் நிச்சயம் வரும். 'தளமாக்கி' என்றால்?

வண்ணாரப்பேட்டையிலிருந்து:

தளமாக்கி என்றால் மொட்டைமாடிக்குத் தளம் போடும் சாமான் என்று நினைப்பார்கள். விளையாட்டுக்குச் சொல்லவில்லை, இந்தப் பக்கம் 'தளம்' என்றால் கான்கிரீட்தான். இருந்தாலும் தாளோடு சேர்த்து 'தளமாக்கித் தாள்' என்றால் குழப்பம் வராது.

பட்டறையில் இதற்கு 'போலராய்டு ஷீட்' என்றுதான் பேச்சு. பைக் மீட்டரின் எல்சிடி வெயிலில் கறுத்தோ வெளிறியோ போனால், பெரும்பாலும் கெட்டது கண்ணாடியோ உள்ளிருக்கும் திரவமோ இல்லை, மேலே ஒட்டிய இந்தத் தாள்தான். சூடும் ஈரமும் அயோடினைக் கெடுத்துவிடும். வேலை இப்படி: பழைய தாளை ஒரு மூலையிலிருந்து தட்டையாக உரிக்கணும். நெம்பினால் கண்ணாடி விரியும். மிச்சப் பசையை ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் ஊறவைத்துத் துடைக்கணும். புதுத் தாளை ஒட்டுவதற்கு முன் மீட்டருக்குக் கரண்ட் கொடுத்து, தாளை மேலே வைத்துத் திருப்பிப் பார்க்கணும். எண் கறுப்பாகவும் பின்னணி வெளுப்பாகவும் வரும் இடத்தில் பேனாவால் குறித்து, அந்தக் கோணத்திலேயே வெட்டணும். 90 பாகை மாறினால் கறுப்புப் பின்னணியில் வெள்ளை எண் வரும். சிலர் அதையே ஸ்டைல் என்று கேட்டு வாங்குகிறார்கள்! 10, 15 பாகை பிசகினால்தான் தொல்லை, கறுப்பு சாம்பலாகிவிடும்.

ஆக, கோணம்தான் இந்தப் பொருளின் உயிர். வெறும் கறுப்புக் கண்ணாடி எப்படித் திருப்பினாலும் ஒரே மாதிரி மங்கும். நடைபாதையில் 'போலரைஸ்டு' என்று விற்கும் கூலிங் கிளாஸை எல்சிடி மானிட்டர் முன்னால் பிடித்து ஒரு சுற்றுச் சுற்றுங்கள். ஓரிடத்தில் திரை இருண்டால் அசல், இல்லாவிட்டால் சாயக் கண்ணாடி. சொல் எதுவானாலும் இந்த இரண்டையும் ஒன்றாக்கிவிடக் கூடாது.

கொளத்தூரிலிருந்து:

தளமாக்கிக்கு ஒரு தடை இருக்கிறது, தோழர்களே. கேமராவுக்கு வாங்குவது சர்குலர் போலரைசர். அதிலிருந்து வெளியே வரும் ஒளியின் அதிர்வு சுழன்றுகொண்டே போகிறது. வட்டத்துக்கு எங்கே தளம்?

பயன்பாட்டையும் சொல்லிவிடுகிறேன், கையேட்டுக்கு ஆகும். இங்கே மீன்தொட்டிக் கடைகளில் படமெடுக்கும்போது கண்ணாடியில் எதிர்க்கடை விளக்கு தெரியும். நேர் எதிரே நின்று ஃபில்டரை எவ்வளவு திருப்பினாலும் அது போகாது. கண்ணாடியின் செங்குத்துக்கோட்டிலிருந்து 56 பாகை சாய்ந்து நின்றால்தான் பிரதிபலிப்பு முழுதாக ஒரே திசை அதிர்வாகும், அப்போது அடியோடு அழிக்கலாம். இது புரூஸ்டர் கோணம். நீருக்கு 53 பாகை. காசிமேட்டில் கடல்நீரின் பளபளப்பை அழிக்க, அடிவானத்திலிருந்து சூரியன் 37 பாகை உயரத்தில் இருக்கும் நேரம் நல்லது.

கூலிங் கிளாஸ் நீரின் பளபளப்பைக் குறைக்கும், மீன்தொட்டியில் பக்கவாட்டிலிருந்து விழும் பிரதிபலிப்பைக் குறைக்காது. நீர்ப்பரப்பு கிடைமட்டம், அதில் பட்டுவரும் ஒளியின் அதிர்வும் கிடைமட்டம். கூலிங் கிளாஸின் அச்சு செங்குத்து, ஆகவே தடுக்கிறது. தொட்டியின் முகப்பு நிற்கும் பரப்பு. பக்கத்திலிருந்து பட்டுவரும் ஒளி செங்குத்தாக அதிரும், கூலிங் கிளாஸ் அதை வரவேற்று உள்ளே விடும். தலையைத் தோளில் சாய்த்தால்தான் உண்டு.

எண்ணூரிலிருந்து:

சொல்லை நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள். அளவீட்டில் பிள்ளைகள் எங்கே சறுக்குவார்கள் என்று சொல்கிறேன்.

ஒளிமூலத்துக்கு லேசர் பாயிண்டர் வேண்டாம். அதன் ஒளி ஏற்கெனவே பெரும்பாலும் ஒரே திசையில் அதிர்வது, முதல் தாளைத் திருப்பினாலே எண் குதிக்கும். வெள்ளை எல்இடி டார்ச் போதும். உணரியாக எல்டிஆர் வைத்தால் அதன் மின்தடை ஒளிச்செறிவுக்கு நேராக மாறாது. விதி பொய்த்தது போல வளைகோடு கோணும். ஃபோட்டோ டையோடு வையுங்கள், அல்லது கைபேசியில் வெளிச்சம் அளக்கும் லக்ஸ் செயலி. கேமராவால் அளந்தால் எக்ஸ்போஷரைப் பூட்டியாக வேண்டும், இல்லாவிட்டால் இருளும்போதெல்லாம் அதுவாகவே வெளிச்சத்தைக் கூட்டிக் கணக்கைக் கெடுக்கும்.

கைபேசியில் ஒரு கண்ணி உண்டு. ஓஎல்இடி திரைக்கு அடியில் ஒளி உணரி இருக்கும் மாடல்களில், திரைமேலேயே ஒரு போலரைசர் ஒட்டியிருக்கும். அதுவும் ஒரு தாளாகக் கணக்கில் சேர்ந்துவிடும். ஒரே ஒரு தாளைக் கைபேசி முன் சுழற்றிப் பாருங்கள். எண் ஏறி இறங்கினால் அந்தக் கைபேசி ஆகாது.

டார்ச்சை அணைத்து இருட்டு அளவை முதலில் எடுத்து, எல்லா அளவிலிருந்தும் கழிக்கணும். 0 பாகை அளவை 100 என்று கொண்டால் 30ல் 75, 45ல் 50, 60ல் 25. 90ல் கொஞ்சம் மிஞ்சும், தாளின் கசிவு அது. 45ஐச் சுற்றி ஒரு பாகை தவறினாலே 100க்கு 1.7 மாறும், கோணமானியை அங்கே கவனமாகப் படிக்கணும். 90 பக்கம் மாற்றம் மந்தம், எது மிகவும் இருட்டு என்று கண்ணுக்குத் தெரியாது. இருபுறமும் ஒரே அளவு காட்டும் இரண்டு கோணங்களைக் குறித்து நடுப்புள்ளி எடுத்தால் அச்சு துல்லியமாகக் கிடைக்கும்.

பெரம்பூரிலிருந்து:

கொளத்தூர்த் தோழர் கேட்டதற்கு அவர் கையிலுள்ள ஃபில்டரிலேயே விடை இருக்கிறது. அதன் முன்பக்கம் இருப்பது சாதாரணத் தாள், நாம் பேசும் அதே பொருள். அதன் பின்னால் 45 பாகையில் ஒட்டிய கால் அலைத் தகடுதான் அதிர்வைச் சுழல வைக்கிறது. எனவே முன்தாள் 'தளமாக்கி'. தகடும் சேர்ந்த முழு ஃபில்டர் 'வட்டமாக்கி'. ஃபில்டரைத் திருப்பிப் பிடித்து, பின்பக்கம் மானிட்டரை நோக்கி இருக்கும்படி பார்த்தால் திரை இருளாமல் நிறம் மட்டும் கொஞ்சம் மாறுவதும் இதனால்தான். அதைப் பார்த்து ஃபில்டர் கெட்டுவிட்டது என்று தூக்கிப் போடுகிறவர்கள் உண்டு. 'தளவிளைவி'யை நான் விட்டுவிடுகிறேன்.

கொளத்தூரிலிருந்து:

வட்டமாக்கி நன்றாக இருக்கிறது. கடையில் கேட்டால் சிரிப்பார்கள், பரவாயில்லை.

ராயபுரத்திலிருந்து:

அப்படியானால் செய்முறைத் தாளில் இப்படிப் போகிறது. நிகழ்வுக்கு 'தளவிளைவு', தேர்வில் அதைத்தானே எழுத வேண்டும். பொருளுக்கு 'தளமாக்கித் தாள்', முதல் இடத்தில் மட்டும் பக்கத்திலேயே 'போலராய்டு ஷீட்'. இரண்டாவது தாளுக்குத் தனிப்பெயர் இல்லை, 'முதல் தளமாக்கி', 'இரண்டாம் தளமாக்கி' என்றே இருக்கும். பொருள் ஒன்றுதான், இடம்தான் வேறு. வேதியியலில் கரைசலுக்கும் செறிவு இருப்பதால் எங்கும் 'ஒளிச்செறிவு' என்று முழுதாகவே வரும். வேலிப்படம் நீக்கப்பட்டது. மூன்று தாள் சோதனையில் 12.5%க்குக் கீழே '6% பக்கம் வந்தால் அளவீடு சரியே' என்று ஒரு வரி சேர்கிறது.

நீள்வட்ட அதிர்வுக்குச் சொல் வேண்டும் என்று யாரோ கேட்கப்போகிறீர்கள். அதற்குத் தனி மடல் தொடங்குங்கள்.