அம்மாவின் புற்றுநோய் மாத்திரைக்கு மெடிகேர் பார்ட் டி பணம் தர மறுக்கிறது: என்ன செய்வது?

எடிசன் வாணி:
அனைவருக்கும் வணக்கம். அம்மாவுக்கு 71 வயது. கிரீன் கார்டில் ஐந்து ஆண்டுகள் நிறைந்ததும், இந்தப் பிப்ரவரி முதல் மெடிகேரில், அதாவது முதியோருக்கான அமெரிக்க அரசின் மருத்துவக் காப்பீட்டில், சேர்த்தோம். அம்மாவோ அப்பாவோ அமெரிக்காவில் வேலை பார்த்ததில்லை. அதனால் பார்ட் ஏவுக்கும் (மருத்துவமனையில் உள்நோயாளியாகச் சேர்வதற்கான பகுதி) மாதம் 565 டாலர் கட்டுகிறோம். பார்ட் பிக்கு (மருத்துவர், வெளிநோயாளிச் சிகிச்சைக்கான பகுதி) 202.90. தனியாக ஒரு பார்ட் டி மருந்துத் திட்டமும் எடுத்திருக்கிறோம்.

மார்ச்சில் பெருங்குடல் புற்றுநோய் என்று தெரிந்தது. அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது. அடுத்த வாரம் கீமோ தொடங்குகிறது: மூன்று வாரத்துக்கு ஒருமுறை மருத்துவமனையில் ஆக்ஸாலிபிளாட்டின் ஏற்றுவார்கள், வீட்டில் கேபசிடபின் மாத்திரை சாப்பிட வேண்டும். மாத்திரையை வாங்கப் போனால், பார்ட் டி நிராகரித்துவிட்டது என்கிறார் பார்மசிக்காரர். திட்டத்துக்குத் தொலைபேசியில் அழைத்தால், மேல்முறையீடு செய்யுங்கள் என்கிறார்கள். அம்மாவோ, "எனக்காக ஏன் இவ்வளவு செலவு, நான் ஊருக்கே போய்விடுகிறேன்" என்று அழுகிறார். கையிலிருந்து பணம் கட்டி வாங்கிவிடலாமா? கட்டினால் அது பார்ட் டியில் ஓராண்டுக்கு நம் பங்காக உள்ள 2,100 டாலர் உச்சவரம்பில் சேருமா?

இலினாய் மருந்தாளுநர்:
வாணி, பணம் கட்டாதீர்கள். மேல்முறையீட்டிலும் நாளைக் கடத்த வேண்டாம். அம்மாவின் மாத்திரைக்கு மெடிகேரில் இடம் இருக்கிறது. பில் தவறான கதவைத் தட்டியிருக்கிறது, அவ்வளவுதான்.

வீட்டில் விழுங்கும் மாத்திரை என்றால் பார்ட் டி, மருத்துவமனையில் ஏற்றும் மருந்து என்றால் பார்ட் பி என்றுதான் எல்லோரும் நினைக்கிறோம். பெரும்பாலும் அது சரி. ஆனால் புற்றுநோய் மாத்திரைகளில் சிலவற்றைச் சட்டமே பார்ட் பியில் வைத்திருக்கிறது. அதற்கு, அதே மருந்து ஊசியாகவும் கிடைக்க வேண்டும், அல்லது மாத்திரை உடலுக்குள் போய் அந்த ஊசி மருந்தாகவே மாற வேண்டும். கேபசிடபின் உடலுக்குள் ஃபுளோரோயுராசிலாக மாறுகிறது. அது நெடுங்காலமாக ஊசியாக இருக்கும் மருந்து. ஆகவே கேபசிடபின் பார்ட் பி. டெமோசோலோமைட் என்ற புற்றுநோய் மாத்திரையும் பார்ட் பிதான். இமாட்டினிப் போன்றவற்றுக்கு ஊசி வடிவம் இல்லாததால் அவை பார்ட் டிக்குப் போகின்றன.

நோய் எது என்பதும் முக்கியம். மெத்தோட்ரெக்ஸேட் மாத்திரையைப் புற்றுநோய்க்குக் கொடுத்தால் பார்ட் பி, முடக்குவாதத்துக்குக் கொடுத்தால் பார்ட் டி. மருந்துச் சீட்டில் நோயின் குறியீடு இல்லையென்றால் பார்மசியின் கணினிக்கு இது தெரியாது. மருத்துவரின் அலுவலகத்தை இன்றே அழைத்து, நோய்க் குறியீட்டுடன் புதிய சீட்டு அனுப்பச் சொல்லுங்கள். அதைவிட முக்கியம், எல்லா பார்மசியும் மெடிகேர் பார்ட் பிக்கு பில் அனுப்ப முடியாது. அதற்கெனப் பதிவு செய்திருக்க வேண்டும். "கேபசிடபினுக்குப் பார்ட் பியில் பில் போடுவீர்களா, மெடிகேர் நிர்ணயித்த தொகையை முழுத் தொகையாக ஏற்றுக்கொள்வீர்களா?" என்று இதே சொற்களில் கேளுங்கள். இல்லை என்றால், அம்மாவுக்குச் சிகிச்சை தரும் புற்றுநோய் மையத்திலேயே பார்மசி இருக்கிறதா என்று பாருங்கள். நான் அப்படி ஓர் இடத்தில்தான் வேலை செய்கிறேன். இந்தச் சிக்கலுடன் வரும் குடும்பங்களை அடிக்கடி பார்க்கிறேன். பயந்துபோய்க் கடன் அட்டையை நீட்டுபவர்களைப் பார்க்கும்போது எனக்கு நெஞ்சு பதறும்.

ஏற்றும் மருந்தும் மாத்திரையும் சேர்ந்ததுதான் சிகிச்சை. மாத்திரை தாமதமாகும் என்றால் மருத்துவரிடம் உடனே சொல்லிவிடுங்கள். தேதியை அவர் முடிவு செய்யட்டும்.

ஹூஸ்டன் பெரியவர்:
மகளே, அம்மாவுக்குத் தைரியம் சொல். எனக்குச் சிறுநீரகம் மாற்றியபோது பார்ட் ஏ இருந்தது. அதனால் உறுப்பை உடல் நிராகரிக்காமலிருக்க நான் சாப்பிடும் டாக்ரோலிமஸ் பார்ட் பியில்தான் வருகிறது. முதலில் எங்களையும் பார்ட் டிக்கு அனுப்பி அலைக்கழித்தார்கள்.

இன்னொன்றையும் தெரிந்து வைத்துக்கொள். மருத்துவமனையில் இரவு படுத்திருந்தாலும், "கண்காணிப்பில்" என்று எழுதிவிட்டால் அது உள்நோயாளிக் கணக்கு ஆகாது. அங்கே தரும் வழக்கமான இரத்த அழுத்த மாத்திரைக்குப் பார்ட் பி பணம் தராது. எனக்கு அப்படி ஒரு பில் வந்தது. அதை பார்ட் டி திட்டத்துக்கு அனுப்பி, ஒரு பகுதியைத் திரும்பப் பெற்றோம். அம்மா படுத்தால், உள்நோயாளியாகச் சேர்த்திருக்கிறார்களா என்று அன்றே கேள்.

எடிசன் வாணி:
அக்கா, ஐயா, இருவருக்கும் நன்றி. மையத்தின் பார்மசி பார்ட் பியில் பில் போடுகிறது. மாத்திரை வியாழக்கிழமை கிடைக்கும். ஆனால் 20 சதவீதம் எங்கள் பங்கு என்கிறார்கள். வாந்தி மாத்திரைக்கும் அப்படியா? இந்த 20 சதவீதத்துக்கு உச்சவரம்பு இல்லையா?

இலினாய் மருந்தாளுநர்:
இல்லை, அதுதான் மெடிகேரின் பெரிய குறை. 2026இல் பார்ட் பிக்கு முதலில் 283 டாலர் உங்கள் பொறுப்பு. பிறகு 20 சதவீதம், அதற்கு மேல்வரம்பே கிடையாது. 2,100 என்பது பார்ட் டி மருந்துகளுக்கு மட்டும். பார்ட் பியில் கட்டுவது அதில் சேராது. இவ்வளவு நோயுற்ற முதியவர்களிடம் இப்படி இரண்டு கணக்கு வைப்பது நியாயமே இல்லை என்பது என் உறுதியான கருத்து.

வாந்தி மாத்திரையான ஒண்டான்செட்ரான், கீமோவின்போது நரம்பு வழியாகத் தரும் மருந்துக்கு முழு மாற்றாக 48 மணி நேரத்துக்குள் தரப்பட்டால் பார்ட் பி. பிற நாள்களுக்கு வாங்கி வைப்பது பெரும்பாலும் பார்ட் டி.

இப்போது அவசரமான விஷயம். மெடிகேர் போக நம் பங்காக மிஞ்சுவதை ஏற்கும் மெடிகேப் என்ற தனியார் துணைக் காப்பீடு அம்மாவிடம் இல்லை என்று தெரிகிறது. 65 வயதுக்கு மேல் பார்ட் பி தொடங்கிய மாதத்திலிருந்து ஆறு மாதங்களுக்கு, நோயைக் காரணம் காட்டி எந்த நிறுவனமும் மெடிகேப் தர மறுக்க முடியாது; கூடுதல் சந்தாவும் கேட்க முடியாது. பிப்ரவரியில் தொடங்கியதால் உங்களுக்கு ஜூலை 31 வரை நேரம் இருக்கிறது. ஏற்கெனவே இருக்கும் நோய்க்கு ஆறு மாதம் வரை காத்திருக்கச் சொல்லலாம். ஆனால் மெடிகேருக்கு முன்பு, 63 நாளுக்கு மேல் இடைவெளி விடாமல், வேறு காப்பீடு இருந்திருந்தால் அந்தக் காலம் கழியும். அம்மாவுக்கு முன்பு என்ன இருந்தது?

எடிசன் வாணி:
ஜனவரி 31 வரை மார்க்கெட்பிளேஸ் (அரசின் காப்பீட்டுச் சந்தை) வழியாக வாங்கிய காப்பீட்டில் இருந்தார். மூன்று ஆண்டுகளுக்குமேல்.

இலினாய் மருந்தாளுநர்:
அப்படியானால் காத்திருக்கவே வேண்டியிராது. அந்தக் காப்பீட்டு நிறுவனத்திடம் தொடக்க தேதியும் முடிவு தேதியும் உள்ள சான்றுக் கடிதம் வாங்கி, மெடிகேப் விண்ணப்பத்துடன் இணையுங்கள். உங்கள் நியூ ஜெர்சி மாநிலத்தின் ஷிப் (மெடிகேர் ஆலோசனைத் திட்டம்) ஆலோசகர்கள் கட்டணமின்றி உதவுவார்கள். 1-800-மெடிகேர் எண்ணில் கேட்டால் உங்கள் மாவட்ட அலுவலகத்தின் எண்ணைத் தருவார்கள். வருமானம் குறைவாக இருந்தால், மெடிகேர் செலவுக்கு உதவும் மெடிகேர் சேவிங்ஸ் திட்டம் பற்றியும் அவர்களிடமே கேளுங்கள். அதில் ஒரு பிரிவு இந்த 20 சதவீதத்தையே ஏற்கும். நாளைக் காலையிலேயே அழையுங்கள், வாணி.