சிலுவைப் போர்க்காலத்து ஊர் வாழ்க்கை: யாராவது வழி காட்டுங்கள்

வணக்கம் நண்பர்களே. ஆறு மாதமாகச் சிலுவைப் போர்கள் பற்றிப் படித்து வருகிறேன். 1099-இல் ஜெருசலேம் ஐரோப்பியக் கிறிஸ்தவப் படையிடம் விழுந்தது, 1187-இல் முஸ்லிம் சுல்தான் சலாஹுத்தீன் (சலாடின்) மீட்டது எல்லாம் எங்கும் கிடைக்கிறது. எனக்கு வேண்டியது, நடுவில் இருந்த ஜனங்களின் பிழைப்பு.

சிரியாவின் ஷைசரைச் சேர்ந்த, அந்தக் காலத்து முஸ்லிம் பிரபு உசாமா இப்னு முன்கித் ஒன்று சொல்கிறார். அவர் தொழுவதற்காக, ஜெருசலேமின் அல்-அக்சா மசூதியை ஒட்டிய சின்னப் பள்ளிவாசலை டெம்ப்ளர் வீரர்கள் (கிறிஸ்தவத் துறவி வீரர்கள்) காலி செய்து கொடுப்பார்களாம். ஒருநாள் ஐரோப்பாவிலிருந்து புதிதாக வந்த ஒருவன் அவரைப் பிடித்து, கிறிஸ்தவர்கள் தொழும் திசையான கிழக்கே திருப்பி, "இப்படித் தொழு" என்றிருக்கிறான். டெம்ப்ளர்கள் அவனை இழுத்துப் போய்விட்டு, இவரிடம் மன்னிப்புக் கேட்டார்கள். இதைப் படித்த இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை.

அப்புறம் 1184-இல் அந்தப் பக்கம் பயணம் போன ஸ்பெயின் நாட்டு முஸ்லிம் பயணி இப்னு ஜுபைர், முஸ்லிம் குடியானவர்கள் விளைச்சலில் பாதியையும் தலைக்கு ஒரு தீனார் (பொற்காசு) ஐந்து கீராத்தையும் (24 கீராத் ஒரு தீனார்) பிராங்கியருக்கு, அதாவது அங்கே ஆண்ட ஐரோப்பியருக்கு, கட்டியதாக எழுதுகிறார். விளைச்சலில் பாதி போய்விட்டது! மீதியில் எப்படிக் குடும்பம் நடந்தது?

இந்தக் குடியானவர்கள், வரி, ஊர் வழக்குகள் பற்றித் தமிழிலோ எளிய ஆங்கிலத்திலோ நல்ல நூல் தெரிந்தால் சொல்லுங்கள். அரபி தெரிந்தவர்கள் யாராவது இப்னு ஜுபைரின் அந்தப் பக்கங்களை என்னோடு உட்கார்ந்து வாசிக்க முடியுமா? ஞாயிறு எந்த நேரமும் எனக்குச் சரி.