தோள் தசைநாண் கிழிசல்: எம் குறியீடா, எஸ் குறியீடா?

கேள்வி: வயது 62, வலது தோள். எம்ஆர்ஐயில் சுப்ராஸ்பைனேட்டஸ் (கையை உயர்த்த உதவும் தோள் தசை) தசைநாண் முழுத்தடிமனில் கிழிந்திருக்கிறது. அடிபட்டதாகக் குறிப்பு இல்லை. நோய்களுக்கான அமெரிக்கக் குறியீட்டுப் பட்டியலான ஐசிடி-10-சிஎம்மில் எதைப் போடுவது?

பதில் 1: மருத்துவர் அடிபட்டதென்று எழுதாவிட்டால் எம்75.121. எழுதியிருந்தால் எஸ்46.011, கூடவே சிகிச்சை எந்தக் கட்டம் என்று காட்டும் ஏழாவது எழுத்து. எம்75.121க்கு அந்த எழுத்து கிடையாது. நீங்களாக ஊகிக்காமல் மருத்துவரிடமே எழுத்தில் கேளுங்கள்.

பதில் 2: அந்த ஏழாவது எழுத்தில்தான் பலர் சறுக்குகிறார்கள். ‘ஏ’ முதல் வருகைக்கு மட்டுமல்ல. அறுவை சிகிச்சைக்கும் ‘ஏ’தான். அதன்பின் பிசியோவுக்கு வரும்போது ‘டி’.

பதில் 3: குறியீடு கிடக்கட்டும். கனம் தூக்கும்போது சட்டென்று வலித்து, அன்றிலிருந்து கை மேலெழவில்லையா என்று நோயாளியிடம் விசாரியுங்கள். அப்படியானால் புதுக் கிழிசலாக இருக்கலாம்; தாமதித்தால் நாண் உள்ளே சுருங்கி, தசையில் கொழுப்பேறி, தைத்தாலும் ஒட்டுவது கடினம். நாள்பட்ட தேய்மானமென்றால் பெரும்பாலும் முதலில் பிசியோதான்.