சீனாவின் பழைய ஊர்களைக் குழுவாகப் பார்த்து வந்தவர்கள்: அவரவர் அனுபவம்

திருச்சியிலிருந்து:

பெய்ஜிங், தாதோங், லுவோயாங், சியான் என்று நான்கு ஊர்களைச் சேர்த்து எங்கள் குழு போய் வந்தது. நம் பக்கத்திலிருந்து போகும் குழுக்கள் பெரும்பாலும் பெய்ஜிங், சியான், ஷாங்காய் என்ற வழியில்தான் போகும். எங்களில் பாதிப் பேர் கோயில், கல்வெட்டு என்று அலைகிறவர்கள். அதனால் ஷாங்காய் வேண்டாம், பழைய ஊர்களாகவே கொடுங்கள் என்று கேட்டு வாங்கினோம். அடுத்து போகிறவர்களுக்கு நான் அழுத்திச் சொல்ல வேண்டியது ஒன்று உண்டு. பயணத் திட்டத்தில் இடங்களின் பெயர் மட்டும் இருந்தால் போதாது. ஒவ்வோர் இடத்திலும் எத்தனை மணி நேரம் நிற்க விடுவார்கள் என்பதையும் எழுதி வாங்குங்கள். ‘சீனப் பெருஞ்சுவர்’ என்று ஒரு வரி போட்டிருப்பார்கள். சுவரில் ஒன்றரை மணி நேரம், போகிற வழியில் ஜேடு கல் கடையில் அதைவிட அதிக நேரம் என்பது அந்த வரியில் தெரியாது.

எங்களுக்கு அப்படித்தான் நடந்தது. கடையில் யாரும் மிரட்டவில்லை. ஆனால் குறித்த நேரம் முடியும் வரை பேருந்தின் கதவைத் திறக்கவில்லை. வயதானவர்கள் வெயிலில் நின்றார்கள். கட்டாயக் கடை நிறுத்தங்களைத் தடுக்கும் சுற்றுலாச் சட்டம் சீனாவில் 2013 அக்டோபரிலிருந்து நடைமுறையில் இருக்கிறது. குழுவில் ஒருவர் அதை எடுத்துச் சொல்லி, பட்டுக் கடை, தேயிலைக் கடை இரண்டையும் நீக்கச் சொன்னார். மறுபேச்சில்லாமல் நீக்கினார்கள். மிச்சமான நேரத்தைப் பெய்ஜிங் அரண்மனைக்குக் கொடுக்கும்படி கேட்டுக்கொண்டோம்.

‘தடைசெய்யப்பட்ட நகரம்’ என்று நாம் படித்த அந்த அரண்மனை 1420-இல் கட்டி முடிந்தது. மிங், சிங் வம்சங்களின் 24 பேரரசர்கள் அங்கிருந்து ஆண்டிருக்கிறார்கள். பரப்பு 72 ஹெக்டேர். குழுக்கள் தெற்கு வாசலில் நுழைந்து, நடுவழியில் நேராக நடந்து, வடக்கு வாசலில் வெளியே வந்துவிடும். எங்கள் வழிகாட்டி பெய்ஜிங்கில் பிறந்து வளர்ந்த பெண். காதில் மாட்டும் கருவியில் அவர் குரல் தொடர்ந்து வந்துகொண்டிருக்கும். பெரிய மண்டபத்தின் முன் கூட்டமெல்லாம் சிம்மாசனத்தை எட்டிப் பார்க்க முண்டியடித்தபோது, எங்களைத் தள்ளி நிறுத்தி, கூரையின் மூலையைப் பார்க்கச் சொன்னார். கூரை முதுகின் நுனியில் ஒரு மனிதர் பறவை மேல் உட்கார்ந்திருக்க, பின்னால் சிறிய மிருகங்கள் வரிசையாக வருகின்றன. கட்டடத்தின் தகுதி உயர உயர மிருகங்களின் எண்ணிக்கை கூடும். பத்து மிருகங்கள் உள்ளது அந்த ஒரே மண்டபம்தான். எங்களோடு வந்த பள்ளிப் பிள்ளைகள் இரண்டு பேர் அதற்குப் பிறகு ஊர் ஊராகக் கூரை மிருகங்களை எண்ணிக்கொண்டே வந்தார்கள்.

அங்கேயே இன்னொன்று. மூன்றாவது பெரிய மண்டபத்தின் பின்புறம், படிகளுக்கு நடுவே, டிராகன் செதுக்கிய ஒரே கல் சாய்வாகக் கிடக்கிறது. எடை 200 டன்னுக்கு மேல். குளிர்காலத்தில் வழி நெடுகக் கிணறு தோண்டி, தண்ணீரை இறைத்துச் சாலையில் ஊற்றி உறைய வைத்து, அந்தப் பனிக்கட்டி மேல் இழுத்து வந்தார்களாம். தஞ்சைப் பெரிய கோயிலைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இந்த மாதிரிக் கணக்கில் ஆசை விடாது. அரை மணி நேரம் அங்கேயே நின்றோம். (திங்கட்கிழமை அரண்மனை மூடியிருக்கும். நுழைவுச் சீட்டு கடவுச்சீட்டு எண்ணோடு முன்பதிவில்தான் கிடைக்கும். உங்கள் முகவரிடம் இந்த இரண்டையும் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.)

அப்புறம் தாதோங். பெய்ஜிங்கிலிருந்து அதிவேக ரயிலில் ஏறக்குறைய இரண்டு மணி நேரம். ஊரின் பழைய பெயர் பிங்செங். வட சீனாவை ஆண்ட வட வெய் அரசின் தலைநகரம். ஊருக்கு வெளியே யுன்காங் என்ற மணற்கல் சரிவில் கி.பி. 460 வாக்கில், தான்யாவ் என்ற துறவியின் மேற்பார்வையில் குகைகளைக் குடையத் தொடங்கினார்கள். நம் மகேந்திரவர்மன் மண்டகப்பட்டில் குடைவித்ததற்கு ஒரு நூற்றாண்டுக்கும் முன்னால். சிறிதும் பெரிதுமாக 51,000 சிற்பங்கள். இருபதாவது குகையின் முன்சுவர் எப்போதோ இடிந்துபோனதால், 13.7 மீட்டர் உயரப் புத்தர் திறந்த வெளியில் உட்கார்ந்திருக்கிறார். எல்லாப் படத்திலும் வருவது அவர்தான். குழுக்களும் அவருக்கு முன்னால் படம் எடுத்துக்கொண்டு கிளம்பிவிடுகின்றன.

நாங்கள் கேட்டுக்கொண்டதால் வழிகாட்டி எட்டாவது குகைக்கு அழைத்துப் போனார். வாசலில் நுழையும்போது தலையைத் தூக்கி, இரு பக்கச் சுவரையும் பார்க்க வேண்டும். ஒரு பக்கம் மூன்று முகம், எட்டுக் கை, காளை வாகனம்: சிவன். இன்னொரு பக்கம் ஐந்து முகம், ஆறு கை, பறவை வாகனம். அது குமரன் என்று சொல்கிறார்கள். கருடன் மேல் இருக்கும் திருமால் என்று சொல்கிற ஆய்வாளர்களும் உண்டு. எங்கள் குழுவுக்கு அதில் சந்தேகமே வரவில்லை. பழனிக்கு வருடம் தவறாமல் நடந்து போகும் ஒரு அக்கா கையைக் கூப்பிக்கொண்டு நின்றுவிட்டார். பின்னால் வந்த ஒரு சீனக் குடும்பம் என்ன விஷயம் என்று வழிகாட்டியிடம் கேட்டது. இவர்கள் வீட்டில் இன்றைக்கும் கும்பிடுகிற தெய்வம் இது என்று அவர் சொல்ல, அந்தக் குடும்பத்துப் பாட்டி திரும்பி அதுவரை கவனிக்காத அந்தச் சுவரை நிமிர்ந்து பார்த்தார். பிறகு அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டு நிறையப் பேசினார். ஒரு வார்த்தையும் இவருக்குப் புரியவில்லை, ஆனாலும் இருவரும் சேர்ந்தே வெளியே வந்தார்கள்.

வரிசையும் முக்கியம். 494-இல் வட வெய் அரசு தலைநகரைத் தாதோங்கிலிருந்து லுவோயாங்குக்கு மாற்றியது. அங்கே யீ ஆற்றங்கரையில் லாங்மென் குகைகளைக் குடையத் தொடங்கியது அதன் தொடர்ச்சியாகத்தான். தாதோங்கை முதலில் பார்த்துவிட்டு லாங்மென் போனால், அகன்ற தோளும் திடமான உடலுமாக இருந்த புத்தர்கள் மெலிந்து, சீன உடை உடுத்தி, முகம் மாறி வருவதைக் கண்ணாலேயே பின்தொடரலாம். லாங்மெனின் பெரிய புத்தர் அதற்கும் பிந்தைய தாங் வம்ச காலத்தவர், 17.14 மீட்டர். அந்தப் பணிக்கு வூ அரசி தன் ஒப்பனைச் செலவுப் பணத்திலிருந்து 20,000 சரம் காசு கொடுத்ததாகக் கல்வெட்டு சொல்கிறது. சுற்றியுள்ள சிறிய மாடங்களில் எத்தனையோ சிலைகளுக்குத் தலை இல்லை. வெட்டி விற்றிருக்கிறார்கள். பின்யாங் குகையில் இருந்த அரசன், அரசி ஊர்வலச் சிற்பங்கள் பெயர்க்கப்பட்டு இன்று அமெரிக்க அருங்காட்சியகங்களில் இருக்கின்றன. சுவரில் அந்த வெற்றிடத்தைப் பார்த்தபோது நம் ஊர்ச் சிலைகள் ஞாபகம் வந்து வயிறு எரிந்தது.

லுவோயாங்கிலிருந்து போன ஷாவோலின் கோயிலில்தான் எனக்கு மனக்குறை. போதிதர்மர் காஞ்சியிலிருந்து வந்தவர் என்று நாம் சொல்லி வளர்ந்தவர்கள். அவர் சுவரைப் பார்த்துத் தியானம் செய்ததாகச் சொல்லப்படும் குகை, கோயிலுக்கு மேலே மலையில் இருக்கிறது. குங்ஃபூ காட்சி, துறவிகளின் நினைவுத் தூபிகள் நிற்கும் தோப்பு, இவ்வளவோடு எங்கள் நேரம் முடிந்துவிட்டது. ஏற முடிந்தவர்களை மட்டுமாவது விட்டிருக்கலாம். நீங்கள் போனால் இதை முன்கூட்டியே பேசிவிடுங்கள்.

யாழ்ப்பாணத்திலிருந்து:

திருச்சிக்காரர் சியானைப் பற்றி ஒன்றும் எழுதவில்லை, நான் எழுதுகிறேன். கொழும்பிலிருந்து புறப்பட்ட ஒரு குழுவோடு போனேன்.

சீனாவின் முதல் பேரரசருடைய சமாதிக்குக் காவலாகப் புதைத்த சுடுமண் படை இருக்கிற இடத்தில் சரியான சனம். 1974-இல் கிணறு வெட்டிய விவசாயிகள் கண்டெடுத்தது. முதல் குழி மட்டும் 230 மீட்டர் நீளம், 62 மீட்டர் அகலம். எல்லாக் குழுவும் முதலில் அங்கேதான் ஓடும். எங்கள் வழிகாட்டி மூன்றாவது குழியில் தொடங்கி, இரண்டாவதைப் பார்த்துவிட்டு, கடைசியாக முதல் குழிக்குக் கூட்டிப் போனார். சின்னதிலிருந்து பெரியதற்குப் போவது நல்ல வழி என்பது என் எண்ணம். மூன்றாவது குழி தளபதிகளின் இடம், எழுபதுக்கும் குறைவான உருவங்கள்தான். நின்று முகங்களைப் பார்க்கலாம்.

இரண்டாவது குழியில் கிடைத்த முழந்தாளிட்ட வில்லாளியைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்திருக்கிறார்கள். முன்னால் நின்று பார்த்தால் பாதிதான். பின்பக்கம் வந்து குனிந்து அவருடைய சப்பாத்தின் அடியைப் பாருங்கள். தையல் புள்ளிகள் தெரியும்: விரல் பக்கமும் குதிப் பக்கமும் நெருக்கமாக, நடுவில் ஐதாக. தேய்கிற இடத்தில் கூடுதல் தையல். மண்ணுக்குள் புதைக்கப் போகிற உருவத்தின் செருப்படியைக்கூட ஒருவர் இப்படிச் செய்திருக்கிறார். சில உருவங்களில் கவசக் கயிற்றின் சிவப்பு இன்னும் ஒட்டியிருக்கிறது. முதலில் எல்லாமே வர்ணம் பூசியவை. மண்ணிலிருந்து எடுத்ததும் அடியிலுள்ள அரக்குப் பூச்சு காய்ந்து சுருண்டு, வர்ணம் சில நிமிடங்களில் உதிர்ந்துவிடும். பெருந்தொகை உருவங்கள் இன்னும் தோண்டப்படாமல் இருப்பதற்கு அதுவும் ஒரு காரணம். பேரரசரின் சமாதி மேட்டையும் திறக்கவில்லை.

மாலையில் பெரிய காட்டு வாத்துக் கோபுரத்துக்குப் போனோம். இந்தியாவிலிருந்து 645-இல் திரும்பிய யுவான் சுவாங் கொண்டுவந்த சுவடிகளைக் காக்க 652-இல் எழுப்பியது. அவர் காஞ்சிபுரம் வரை வந்தவர், அங்கிருந்து இலங்கைக்குக் கப்பலேறும் எண்ணம் அவருக்கு இருந்தது. இலங்கையிலிருந்து ஓடிவந்த பிக்குகள் அங்கே பஞ்சமும் குழப்பமும் என்று சொல்ல, வராமல் விட்டுவிட்டார். கோபுரத்துக்கு முன்னால் அவருடைய சிலை நிற்கிறது. அங்கே பள்ளிப் பிள்ளைகளோடு வந்திருந்த ஒரு ஆசிரியை நாங்கள் எந்த நாடு என்று விசாரித்தார். இலங்கை என்றதும், யுவான் சுவாங்குக்கு இருநூறு ஆண்டுக்கு மேல் முன்னால் ஃபாசியன் என்ற சீனத் துறவி உங்கள் தீவில் இரண்டு வருடம் தங்கினார் என்று பிள்ளைகளுக்குச் சொல்லிக் கதைத்தார். ஒரு பிள்ளை தன் கொப்பியைத் திறந்து தந்து, என் ஊரின் பெயரை என் எழுத்தில் எழுதும்படி கேட்டது. பிறகு எல்லாக் கொப்பிகளும் வந்தன. பேருந்து காத்து நின்றது. எழுதி முடித்த பிறகுதான் ஏறினேன். குழுவில் ஒருவரும் அதற்குக் குறை சொல்லவில்லை.

மதுரையிலிருந்து:

நான் என் அப்பா அம்மாவோடு போனேன். இருவருக்கும் எழுபது தாண்டிவிட்டது. தனியாகப் போயிருந்தால் ரயில் நிலையங்களிலேயே களைத்திருப்பார்கள். அந்த வகையில் குழுப் பயணம்தான் சரி.

பெருஞ்சுவருக்கு முதியான்யூ பகுதியைக் கேளுங்கள். கம்பி வண்டியில் மேலே போய்விடலாம். ஆனால் மேலே படிகள் ஒரே உயரத்தில் இருக்காது. ஒன்று கணுக்கால் அளவு, அடுத்தது முழங்கால் அளவு. அம்மா ஒரு காவல் கோபுரத்திலிருந்து அடுத்ததற்கு மட்டும் நடந்தார், அதுவே போதும் என்றார். சாப்பாட்டில் சுத்த சைவம் என்றால் கிளம்புவதற்கு முன்பே எழுதிக் கொடுத்து, சீன மொழியில் அச்சடித்த ஒரு தாளைக் கையிலும் வைத்துக்கொள்ளுங்கள். வெந்நீர் எல்லா இடத்திலும் கிடைக்கும்.

அம்மாவுக்குப் பிடித்தது பெய்ஜிங்கின் சொர்க்கக் கோயில். ஆணியே இல்லாமல் மரத்தைக் கோத்துக் கட்டிய வட்ட மண்டபம். 28 தூண்களும் பருவம், மாதம், பொழுது என்று கணக்கு வைத்து நிற்கின்றன. 1889-இல் இடி விழுந்து எரிந்ததைப் பழையபடியே திரும்பக் கட்டியிருக்கிறார்கள். காலையில் அந்தத் தோட்டம் முழுக்க ஓய்வு பெற்றவர்கள். சீட்டு, பாட்டு, இறகுப் பந்தைக் காலால் தட்டும் விளையாட்டு. ஒரு பெரியவர் நீளமான தூரிகையைத் தண்ணீரில் நனைத்துக் கல் தரையில் எழுதிக்கொண்டிருந்தார். அப்பாவிடம் தூரிகையை நீட்ட, அப்பா ‘அ’ எழுதினார். பெரியவர் அதைப் பார்த்துப் பார்த்துத் தன் கையால் பக்கத்தில் எழுதினார். சுழி சரியாக வரும் வரை விடவில்லை.

சிங்கப்பூரிலிருந்து:

நீங்கள் எல்லோரும் வடக்கே போயிருக்கிறீர்கள். தெற்கே ஃபூஜியன் மாகாணத்தில் சுவான்சௌ என்ற துறைமுக ஊர் இருக்கிறது. எங்கள் ஊர்ச் சீனர்கள் பலருக்குப் பூர்வீகம் அந்தப் பக்கம்தான், அதனால் இங்கிருந்து குழுக்கள் அடிக்கடி போகும். பக்கத்து வீட்டுச் சீனக் குடும்பத்தோடு நானும் சேர்ந்துகொண்டேன். 2021-இல் யுனெஸ்கோ பட்டியலில் வந்த பிறகு பார்க்கிறவர்கள் கூடியிருக்கிறார்கள். இந்தியக் குழுக்களைத்தான் அங்கே காணவில்லை. எனக்கு அது பெரிய வருத்தம்.

தமிழ் வணிகர்கள் அந்த ஊரில் வாழ்ந்திருக்கிறார்கள். 1281-ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு அங்கே கிடைத்தது, அடியில் சீன எழுத்தும் உண்டு. சம்பந்தப் பெருமாள் என்பவர் சீனக் கானின் உடல் நலத்துக்காகச் சிவனை எழுந்தருளச் செய்த செய்தி அதில் இருக்கிறது. மங்கோலியப் பேரரசர் குப்ளாய் கான் சீனாவை ஆண்ட காலம் அது. கோயில் இன்று இல்லை. அதன் கற்கள் ஊர் முழுக்கச் சிதறி, பலவற்றைக் கடல்சார் அருங்காட்சியகத்தில் சேர்த்து வைத்திருக்கிறார்கள்.

இரண்டு தூண்கள் மட்டும் 686-இல் தோன்றிய காய்யுவான் புத்தர் கோயிலில் நிற்கின்றன. இரணியனைக் கிழிக்கும் நரசிம்மர், கண்ணன் கதைகள், யானையைக் காக்கும் திருமால் என்று தூணில் வட்ட வட்டமாகச் செதுக்கியிருக்கிறது. பக்கத்து வீட்டு அம்மா சின்ன வயதிலிருந்து அந்தக் கோயிலுக்கு வருகிறவர். தூணில் என்ன இருக்கிறது என்று அவருக்கு யாரும் சொன்னதில்லை. நரசிம்மர் கதையை நான் சொல்லத் தொடங்கியதும், எங்கள் குழுவோடு நான்கைந்து உள்ளூர்க்காரர்களும் நின்றுவிட்டார்கள். வழிகாட்டி பாதியில் குறுக்கிட்டு, கொஞ்சம் பொறுங்கள், எழுதிக்கொள்கிறேன் என்றார். அடுத்த குழுவுக்குச் சொல்வாராம்.

தூண்கள் பெரிய மண்டபத்தின் பின்பக்கம் இருக்கின்றன. முன்னால் கும்பிட்டுவிட்டு அப்படியே திரும்பினால் கண்ணில் படாது. சியாமென் வரை விமானம், அங்கிருந்து ரயிலில் அரை மணி நேரம்தான். யாராவது குழு சேர்த்தால் சொல்லுங்கள், நானும் இன்னொரு முறை வருகிறேன்.