மரச்சீனியும் சாளைக் கறியும் யாருடைய சாப்பாடு?

குழித்துறைக்காரன்:
சென்னை ஆபீசுக்கு மரச்சீனியும் (மரவள்ளிக்கிழங்கு) சாளைக் கறியும் (மத்தி மீன்) கொண்டுபோனேன். பக்கத்து சீட்டுக்காரர் "நீங்க மலையாளியா?" என்றார். குமரி மாவட்டம் என்றதும், "அப்போ பாதி மலையாளி" என்று சிரித்தார். அப்புறம் சாப்பாடே இறங்கவில்லை. 1954 ஆகஸ்டில், தமிழ்நாட்டோடு சேரவேண்டும் என்று போராடிய எங்கள் ஆட்கள் மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் செத்தார்கள். 1956 நவம்பர் 1-ல் தமிழ்நாட்டோடு சேர்ந்தோம். இன்னும் எங்கள் தட்டைப் பார்த்துச் சந்தேகப்படுவதா? தீயலும் (வறுத்தரைத்த தேங்காய்க் குழம்பு) மீன் அவியலும் தமிழ்ச் சாப்பாடுதான். சமையல் சேனல்கள் இதற்கெல்லாம் 'கேரளா ஸ்டைல்' என்று போடுவதை நிறுத்த வேண்டும்.

தோவாளைப் பெண்:
அண்ணாச்சி, கோபம் புரிகிறது, ஆனால் தீயலைத் தமிழுக்கு மட்டும் எழுதிவைக்க முடியாது. எல்லைக்கு அந்தப் பக்கம், கேரளத்து நெய்யாற்றின்கரையிலும் தேங்காயைக் கருக வறுத்துத்தான் அரைக்கிறார்கள். மரச்சீனியோ தென் அமெரிக்காவிலிருந்து போர்ச்சுக்கீசியர் கொண்டுவந்தது. அன்று நம் குமரியும் சேர்ந்திருந்த திருவிதாங்கூரில் அதைப் பரப்பியவர் 1880 முதல் 1885 வரை ஆண்ட விசாகம் திருநாள் மகாராஜா. 1942-ல் பர்மா ஜப்பானிடம் விழுந்து அரிசி வரத்து நின்றபோது, தமிழ் பேசிய வீட்டிலும் மலையாளம் பேசிய வீட்டிலும் இந்தக் கிழங்குதான் வெந்தது. நெல் விளையும் எங்கள் ஊரிலேயே ஆச்சி அதை அரிந்து வெயிலில் காயவைத்துப் பானையில் பூட்டி வைத்தாராம். அந்தப் பசிக்கு இன்று மாநிலப் பெயர் வைக்க எனக்கு மனசு வரவில்லை.

கொழிஞ்சாம்பாறை:
பெயர் வேண்டாம் என்று அக்கா சொல்லிவிடலாம். நாங்கள் கேரளத்துக்குள் இருக்கும் தமிழர்கள். எங்கள் பாலக்காடு மாவட்டத்துச் சித்தூர் தாலுகாவின் கிழக்கில் மழை குறைவு, கரிசல் மண், நிலக்கடலை விளையும். அதனால் வீட்டில் கடலை எண்ணெய், ராகிக் களி. பள்ளிக்கூடத்தில் என் டிபன் பாக்ஸைப் 'பாண்டிச் சாப்பாடு' என்றார்கள்; 'பாண்டி' என்றால் தமிழரைக் கிண்டலாகச் சொல்வது. பெயரை நாம் வைக்காவிட்டால் அவர்கள் வைக்கிறார்கள். நான் குழித்துறை அண்ணன் பக்கம்.

தோவாளைப் பெண்:
நீங்களே மண்ணைத்தானே காரணம் சொல்கிறீர்கள், மொழியை இல்லையே?

குழித்துறைக்காரன்:
சரி, 'தமிழ்ச் சாப்பாடு' என்றதைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். எங்கள் மட்டி வாழைப்பழத்துக்கு 2023-ல் புவிசார் குறியீடு கிடைத்தபோது 'கன்னியாகுமரி' என்று ஊர்ப்பெயர்தான் சேர்ந்தது. இனி 'குமரித் தீயல்' என்றே எழுதுவேன். 'கேரளா ஸ்டைல்' மட்டும் கூடாது, அதில் மாற்றம் இல்லை.

தோவாளைப் பெண்:
'குமரி' எனக்குச் சம்மதம். செய்முறையையும் போடுங்கள் அண்ணாச்சி. உங்கள் வீட்டில் சாளைக்கு மாங்காயா, புளியா?